லூசீல் பால்: நகைச்சுவையும் உடைமையும்

(நாடகக் கலை அன்பர்களின் கூட்டமொன்றில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



நடிகை ஒருத்தியின் சரித்திரத்தை எழுதப் புகுகிறவர்கள், பெரும்பாலும் அதை அழகின் சரித்திரமாகவோ அதிர்ஷ்டத்தின் சரித்திரமாகவோ விவாகங்களின் சரித்திரமாகவோ எழுதி முடித்துவிடுவது உலக வழக்கமாக இருக்கிறது. அவள் எத்தனை நாள் ஒத்திகை பார்த்தாள், கையில் கொடுத்த பொருளை எப்படிப் பழகினாள், கூலிக்கு நடித்தாளா அல்லது பங்குக்கு நடித்தாளா என்ற விசாரணையில் இறங்குவார் அரியர். இன்று நான் பேச எடுத்துக்கொண்டிருக்கும் அமெரிக்க நடிகையாகிய லூசீல் பால் அவர்களைப் பற்றியும் அப்படிப்பட்ட நூல்கள் வேண்டிய மட்டும் வந்திருக்கின்றன. ஆனால், பிறரைச் சிரிக்க வைப்பதைக் கடுமையான தொழிலாகக் கொண்டு பாடுபட்ட ஒரு தொழிலாளியாகவும், அந்தப் பாட்டின் பலன் அயலார் பெட்டியில் போய் விழாதபடி தம் வசத்தில் நிறுத்திக்கொண்ட ஓர் உடைமையாளராகவும் அவரைப் பார்த்தாலன்றி அவருடைய வாழ்க்கையின் விசேஷம் விளங்காது என்பது என் கட்சி.

நம் சென்னையில் டெலிவிஷன் நிலையம் திறக்கப்பட்டது 1975-ம் ஆண்டில். லூசீல் பால் அமெரிக்க டெலிவிஷனில் 1951 முதல், நடுவே சிறிது காலம் நீங்கலாக, வாரந்தோறும் தோன்றிவந்த தொடர்களில் கடைசி நீண்ட தொடர் அதற்கு ஓராண்டு முன்னமேயே முடிந்துபோயிற்று. ஆகவே இந்தச் சபையில் பலர் அவரைப் பார்த்திராதது வியப்பன்று. பார்த்தவர்கள், மற்றவர்களுக்காக நான் சற்று விரித்துச் சொல்வதைப் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

அவர் பிறந்தது 1911-ம் ஆண்டு ஆகஸ்டு மாதம் 6-ம் தேதி. ஊர், நியூயார்க் ராஜ்யத்தின் மேற்குக் கோடியில், மேஜை நாற்காலி செய்யும் தொழிலுக்குப் பேர்போன ஜேம்ஸ்டவுன். தகப்பனார் டெலிபோன் கம்பி இழுக்கும் வேலைக்காரர். வேலை இருக்குமிடமெல்லாம் குடும்பத்தைக் கூட்டிச் சென்றவர், 1915-ல் மிச்சிகன் ராஜ்யத்தில் விஷஜுரத்தால் காலமானார். குழந்தைக்கு அப்போது நாலு வயதுகூட நிரம்பவில்லை, தாயோ கர்ப்பிணி. பிறகு தாயைப் பெற்ற பாட்டனார் வீட்டில்தான் வளர்ச்சி. அந்தப் பாட்டனார் சோஷலிஸ்டுக் கொள்கையில் ஊறிய உழைப்பாளி. பாட்டும் ஆட்டமும் விகடமும் கலந்த வாடவில் காட்சிகள் எங்கே நடந்தாலும் பேரக் குழந்தைகளை அழைத்துப் போய்க் காட்டியவர். 1927-ல் அவர் வீட்டுப் பின்புறத்தில், குறி பார்த்துச் சுடும் விளையாட்டில் குண்டு தவறி அயல் வீட்டுச் சிறுவன் ஒருவன்மேல் பாய்ந்து அவனை முடமாக்கிவிட்டது. வழக்கு நடந்தது, வீடு போயிற்று, சேர்த்து வைத்த பணமும் போயிற்று. பிற்காலத்தில் லூசீல் தம் உடைமை விஷயத்தில் காட்டிய கண்டிப்புக்கு இந்தச் சம்பவமே காரணம் என்று நான் அடித்துச் சொல்லமாட்டேன்; மனித மனம் அவ்வளவு கணக்காக நடப்பதில்லை. ஆனாலும், தலைக்குமேல் இருந்த கூரை பிறர் கைக்குப் போனதைப் பதினாறாம் வயதில் கண்டவர் அவர் என்பது நாம் மறக்கத்தக்க செய்தியன்று.

இதற்கு முன்பே நாடகக் கலை பயில்வதற்காக அவரை நியூயார்க் நகரத்துப் பள்ளியொன்றில் தாயார் சேர்த்திருந்தார். பெட்டி டேவிஸ் அப்போது அங்கே மாணவி. ஆசிரியர்களின் கண்ணெல்லாம் அவர்மேல். ஜேம்ஸ்டவுன் பெண்ணுக்கோ மேடையில் வாய் திறக்கவும் கூச்சம். இவளுக்காகப் பணம் செலவழிப்பது வீண் என்று பள்ளிக்கூடத்தார் தாயாருக்கு எழுதிவிட்டார்கள். துணிக்கடைகளிலும் ஹாட்டி கார்னகி என்னும் உடைக்கலை விற்பன்னரிடத்திலும் உடுத்துக் காட்டும் பெண்ணாக வேலை பார்த்துக்கொண்டிருந்தபோது, மூட்டுகளைப் பற்றிய கொடிய வாதநோய் கண்டு, ஊர் திரும்பி, நெடுநாள் படுக்கையில் கிடந்து, மறுபடியும் நடக்கப் பழகவேண்டியதாயிற்று. அங்க சேஷ்டைகளினால் உலகத்தையே சிரிக்க வைத்த சரீரம், ஒரு காலத்தில் அடியெடுத்து வைக்கவே திணறிய சரீரம்.

1933-ல் 'ரோமன் ஸ்காண்டல்ஸ்' என்ற படத்தில் கூட்டத்தில் நிற்கும் அழகிகளில் ஒருத்தியாக ஹாலிவுட்டுக்குப் போனார். அங்கிருந்து தொடங்கிய சினிமா வாழ்க்கையை நான் விரிக்கப்போவதில்லை. விரிப்பதற்கு அதில் அதிகமில்லை. ஆர்.கே.ஓ. ஸ்டூடியோவில் மாதச் சம்பளக்காரராகச் சேர்ந்து, 'டாப் ஹாட்' என்ற படத்தில் பூக்கடைப் பெண்ணாக ஒரு கணம் தோன்றி, 1937-ல் 'ஸ்டேஜ் டோர்' படத்தில் காதரின் ஹெப்பர்னுக்கும் ஜிஞ்சர் ராஜர்ஸுக்கும் இடையே தம் குரலும் கேட்கும்படி செய்துகொண்டு, டாரதி ஆர்ஸ்னர் என்ற பெண் டைரக்டரின் 'டான்ஸ், கேர்ள், டான்ஸ்' படத்திலும், ஹென்றி ஃபாண்டாவுடன் நடித்த 'தி பிக் ஸ்ட்ரீட்' படத்திலும் மெய்யான திறமையைக் காட்டி, பின்பு எம்.ஜி.எம். ஸ்டூடியோவுக்குச் சென்று, அங்கே தலைமயிருக்கு அந்தப் பிரசித்தமான செஞ்சாயம் ஏற்றப்பெற்று, இவ்வளவுக்கும் பிறகு 'இரண்டாந்தரப் படங்களின் ராணி' என்ற பட்டப்பெயரோடுதான் நின்றார். பதினெட்டு ஆண்டு உழைப்பின் பலன் அது.

ஏன் அப்படி ஆயிற்று என்று கேட்பது நியாயம். திறமையில்லை என்று சொல்லமுடியாது. வாய்ப்பில்லை என்றும் சொல்லமுடியாது. அக்காலத்துச் சினிமா, பெண்ணிடம் முகத்தையே தேடிற்று. விளக்குகளை அதற்கேற்ப வைத்து, காமிராவை அருகே கொண்டுவந்து, அந்த முகத்தின்மேல் ஒளியும் நிழலும் விழும் விதத்திலேயே கலையைக் கண்டது. லூசீலின் கலையோ முழங்காலிலும் முழங்கையிலும் தோளிலும் பாதத்திலும் பரவிக் கிடந்தது. அதைக் காண்பதற்கு முழு உருவமும் வேண்டும், துண்டுபடாத நேரமும் வேண்டும், எதிரே உட்கார்ந்து சிரிக்கும் ஜனங்களும் வேண்டும். எம்.ஜி.எம்.மில் அக்காலத்தில் மௌனப்பட மேதை பஸ்டர் கீட்டன், பழைய கீர்த்தியெல்லாம் போய், பிறர் படங்களுக்கு விகட யோசனை சொல்லும் உத்தியோகத்தில் இருந்தார். லூசீலின் உள்ளே ஒளிந்திருந்த விகட சக்தியை முதலில் அடையாளம் கண்டவர்களில் அவர் ஒருவர். பொருள்களைக் கையாளுவதில் சிரத்தை வேண்டும், தொப்பியோ நாற்காலியோ எதுவானாலும் அதனோடு பழகி அதைத் துணைநடிகனாக்கிக் கொள்ளவேண்டும் என்ற பாடம் அவரிடமிருந்தே லூசீலுக்குக் கிடைத்தது. ஸ்டூடியோ முதலாளிகளுக்கு இருவருமே தேவைப்படவில்லை என்பதை நினைக்கும்போது, பெரிய ஸ்தாபனங்கள் தம் கையிலுள்ள செல்வத்தை அறியாமலே காலம் தள்ளக்கூடியவை என்று தோன்றுகிறது.

1940-ல் 'டூ மெனி கேர்ல்ஸ்' என்ற படத்தில் நடித்தபோது டெஸி ஆர்னாஸ் என்ற கியூபா தேசத்து இளைஞரைச் சந்தித்து, அவ்வாண்டு நவம்பர் 30-ம் தேதி மணந்துகொண்டார். டெஸியின் தகப்பனார் சாண்டியாகோ நகரத்து மேயராக இருந்தவர். 1933-ம் ஆண்டுப் புரட்சியில் சொத்து சுகங்களை இழந்து அமெரிக்காவுக்கு ஓடிவந்த குடும்பம். டிரம் தட்டிப் பாடி, தமக்கென ஒரு வாத்தியக் கோஷ்டியைச் சேர்த்து முன்னுக்கு வந்த டெஸி, வருஷத்தில் பாதி நாள் ஊர் ஊராகக் கச்சேரி செய்துகொண்டிருப்பார், மனைவி ஹாலிவுட்டில். ஒரே கூரையின்கீழ் இருந்து ஒரே வேலையைச் செய்யவேண்டும் என்ற ஆசை, அந்தத் தம்பதிகளுக்குக் கலை ஆசையிலும் பெரிதாக இருந்தது.

1948 முதல் சி.பி.எஸ். ரேடியோவில் 'மை ஃபேவரிட் ஹஸ்பண்ட்' என்ற இல்லற விகடத் தொடரில் லூசீல் மனைவியாக நடித்தார். ஜெஸ் ஆப்பன்ஹைமர், மாட்லின் பியூ, பாப் காரல் என்ற மூன்று எழுத்தாளர்கள் அங்கேதான் அவருக்கு வாய்த்தார்கள். ஜனங்களை எதிரே வைத்துக்கொண்டு பேசும்போது அவர் வசனத்தோடு நில்லாமல் முகத்தாலும் கையாலும் அபிநயிக்கத் தொடங்கியதையும், சபையார் அதற்கு வேறுவிதமாகச் சிரித்ததையும் கம்பெனியார் கவனித்து, இதை டெலிவிஷனுக்குக் கொண்டுபோகலாம் என்றார்கள். சம்மதம், கணவர் பாத்திரத்தில் டெஸிதான் நடிக்கவேண்டும் என்றார் லூசீல். செந்தலை அமெரிக்கப் பெண்ணுக்கு ஸ்பானிஷ் வாடையோடு இங்கிலீஷ் பேசும் கியூபாக்காரன் புருஷனா, ஜனங்கள் நம்பமாட்டார்களே என்று கம்பெனியார் தயங்கினார்கள். மெய்யாகவே மணந்து பத்து வருஷமாக வாழ்ந்துகொண்டிருந்த தம்பதிகளை, நம்பத்தகாத தம்பதிகள் என்று சொன்ன விசித்திரத்தை என்னென்பது! லூசீல் வாதாடிக்கொண்டிருக்கவில்லை. 1950-ல் இருவரும் ஒரு விகட நிகழ்ச்சியைத் தயார் செய்து ஊர் ஊராக மேடையேறி நடித்துக் காட்டினார்கள். ஜனங்கள் நம்பினார்கள் என்பதற்கு அவர்கள் கைதட்டலே அத்தாட்சியாயிற்று.

இனி நான் சொல்லப்போவது சற்று யந்திர சாஸ்திரமும் கணக்குமாக இருக்கும்; ஆனால் இந்தச் சரித்திரத்தின் உயிர்நிலை இங்கேதான் இருக்கிறது. அக்காலத்தில் அமெரிக்க டெலிவிஷன் நிகழ்ச்சிகள் பெரும்பாலும் நியூயார்க்கிலிருந்து அப்போதைக்கப்போது நேராகவே ஒளிபரப்பாயின. கிழக்குக் கரையையும் மேற்குக் கரையையும் இணைக்கும் டெலிவிஷன் தொடர்பு 1951 செப்டம்பரில்தான் நடைமுறைக்கு வந்தது. அதுவரை, டெலிவிஷன் திரையையே காமிராவினால் படம்பிடித்து அந்தப் பிரதியை மற்ற நிலையங்களுக்கு அனுப்புவார்கள். அந்தப் பிரதியில் உருவங்கள் மங்கிக் கலங்கிப் போயிருக்கும். நிகழ்ச்சிக்குப் பணம் கொடுத்த பிலிப் மாரிஸ் சிகரெட் கம்பெனியார், தங்கள் வாடிக்கைக்காரர்கள் நிறைந்த கிழக்குப் பகுதிக்கு மங்கிய பிரதி போவதா என்று கேட்டு, நியூயார்க்குக்கு வந்து நடிக்கும்படி சொன்னார்கள். தம்பதிகளோ ஹாலிவுட்டை விட்டுப் பெயர மறுத்தார்கள். பத்து வருஷத்துக்குப் பிறகு லூசீலுக்கு முதற்குழந்தை பிறக்க இருந்த சமயம் அது. சினிமாவைப் போல 35 மில்லிமீட்டர் பிலிமிலேயே எடுத்து அனுப்பிவிட்டால் எல்லா ஊருக்கும் தெளிவான பிரதி கிடைக்குமே என்ற யோசனை பிறந்தது. ஆனால் சினிமா முறையில் துண்டு துண்டாக எடுத்தால் சிரிக்கும் சபை இராது. சபை இல்லாவிட்டால் லூசீல் பழைய லூசீலாகிவிடுவார்.

இந்த முடிச்சை அவிழ்க்க அழைக்கப்பட்டவர் கார்ல் பிராய்ண்ட் என்ற காமிரா நிபுணர். ஜெர்மனியில் 'மெட்ரோபாலிஸ்' என்ற அமரத்துவம் வாய்ந்த மௌனப் படத்தில் பணியாற்றியவர். அமெரிக்காவுக்கு வந்து 'தி குட் எர்த்' படத்துக்காக ஆஸ்கார் பரிசு பெற்றவர். ஸ்டூடியோவுக்குள்ளேயே சுமார் முந்நூறு பேர் உட்காரும்படி வரிசையாக இருக்கைகள் போட்டு, எதிரே வீட்டின் அறைகளை அடுத்தடுத்து அமைத்து, மூன்று பிலிம் காமிராக்கள் ஒரே சமயத்தில் ஓட, நாடகம் போலத் தொடர்ச்சியாக நடிக்கச் செய்தார்கள். ஒரு காமிராவுக்கு ஏற்ற விளக்கு மற்றொன்றுக்கு ஏற்காது என்ற கஷ்டத்தைப் பிராய்ண்ட், விளக்குகளை மேலேயிருந்து சமமாகப் பரப்பித் தீர்த்தார். பல காமிராக்களை ஓடவிடும் முறையை இவர்களே கண்டுபிடித்ததாகச் சிலர் எழுதுவது சரியன்று; சிறு அளவில் முன்பே முயன்றவர்கள் உண்டு. சபையார் முன்னிலையில், முழுக் கதையை, உயர்ந்த பிலிமில் எடுக்கும் பூரணமான முறையாக அதை ஆக்கியது இவர்களுடைய பெருமை. இன்றும் அமெரிக்காவில் சிரிப்பொலியோடு எடுக்கப்படும் வீட்டு விகடத் தொடர்கள் பலவும் அந்த ஏற்பாட்டின் சந்ததிகளே.

பிலிம் என்றால் செலவு அதிகம். அதிகப்படிச் செலவை யார் ஏற்பது என்ற தகராறு வந்தபோது டெஸி செய்த பேரத்தைக் கேளுங்கள். தம்பதிகளுக்கு வாரத்துக்கு 5,000 டாலர் சம்பளம் பேசியிருந்தது. அதில் 1,000 டாலரைக் குறைத்துக்கொள்ளுகிறோம், பதிலுக்கு ஒளிபரப்பு முடிந்தபின் அந்தப் பிலிம் சுருள்கள் எங்கள் 'டெஸிலூ' கம்பெனிக்கே சொந்தம் என்று எழுதிக் கொடுங்கள் என்றார். கம்பெனியார் மகிழ்ச்சியோடு எழுதிக் கொடுத்தார்கள். ஒரு முறை காட்டிவிட்ட நிகழ்ச்சியை மறுமுறை யார் பார்க்கப்போகிறார்கள் என்பது அன்றைய வியாபாரிகளின் சித்தாந்தம். கூத்து முடிந்தபின் கொட்டகையைப் பெருக்கும்போது கிடைக்கும் குப்பையாகவே அந்தச் சுருள்களை அவர்கள் மதித்தார்கள். சில வருஷங்களில் சி.பி.எஸ். கம்பெனியே அந்தச் சுருள்களைச் சுமார் 50 லட்சம் டாலர் கொடுத்து வாங்கவேண்டி வந்தது.

'ஐ லவ் லூசி' என்ற அந்தத் தொடர் 1951 அக்டோபர் 15-ம் தேதி தொடங்கிற்று. நியூயார்க்கில் ஒரு மாடிக் குடித்தனம். கணவன் ரிக்கி ரிக்கார்டோ வாத்தியக் கோஷ்டித் தலைவன். மனைவி லூசிக்கு எப்படியாவது மேடையேறிவிடவேண்டும் என்ற தீராத ஆசை. அவளுக்கு அந்தத் தகுதி துளியும் இல்லை என்பது கணவனின் திடமான அபிப்பிராயம். வீட்டுக்கார தம்பதிகளான எத்தல், பிரெட் என்ற இருவரும் இந்தச் சண்டையில் பக்கம் மாறி மாறிச் சேருவார்கள். அந்தப் பாத்திரங்களில் விவியன் வான்ஸும் வில்லியம் பிராலியும் நடித்தார்கள். நகை என்னும் மெய்ப்பாட்டுக்கு எள்ளலும் இளமையும் பேதைமையும் மடனும் நிலைக்களம் என்பது தொல்காப்பியர் வகுத்த இலக்கணம். பிறரை எள்ளி நகைப்பது லூசியிடம் அநேகமாக இல்லை. அறியாமையினாலும், ஒன்றைப் பிடித்தால் பிடித்ததை விடாத தன்மையினாலும் அவள் வினையை விலைக்கு வாங்குகிறாள். அவளைப் பார்த்து நகைக்கிறோமே தவிர அவளை இகழ்கிறோமில்லை. வீட்டுக்குள் அடைபட்டு, வெளியே ஒரு பெயர் எடுக்கத் தவித்த அக்காலத்து அமெரிக்கப் பெண்கள் கோடிக்கணக்கில் அவளைத் தம்மவளாக ஏற்றதற்குக் காரணம் இதுவே என்று எண்ணுகிறேன். அதே சமயத்தில், கணவன் மனைவியைக் குழந்தையை அடிப்பதுபோல் மடியில் போட்டு அடிக்கும் காட்சிகளும் அத்தொடரில் உண்டு என்பதை மறைக்கவேண்டியதில்லை. இன்று அவற்றைப் பார்த்து முகம் சுளிக்காதவர் இரார்.

நடிப்பைப் பற்றி இரண்டு உதாரணம் சொல்கிறேன். 1952 மே மாதத்தில் ஒளிபரப்பான கதையில், ஒரு மருந்து டானிக்குக்கு டெலிவிஷனில் விளம்பரம் சொல்லும் வாய்ப்பு லூசிக்குக் கிடைக்கிறது. டானிக்கில் சாராயச் சத்து நூற்றுக்கு 23 பங்கு என்பது அவளுக்குத் தெரியாது. ஒத்திகையில் ஒவ்வொரு தடவையும் ஒரு கரண்டி குடித்துக் காட்டவேண்டும். முதல் தடவை முகம் கோணுகிறது. ஆனால் சொல்லவேண்டியதோ அது தேனாக இனிக்கிறது என்பது. அடுத்த தடவை கோணல் சற்றுக் குறைகிறது. பிறகு ருசிக்கிறது. பிறகு கரண்டியை விட்டுவிட்டுப் புட்டியையே தூக்குகிறாள். வசனம் மாறுவதில்லை, அதே நாலு வரிதான். நம் சங்கீத வித்வான் ஒரே வரியை எடுத்துக்கொண்டு நிரவல் செய்யும்போது சாகித்தியம் மாறாமலே வேறு வேறு பாவம் பிறப்பதுபோல, அந்த நாலு வரி ஒவ்வொரு தடவையும் சொல்லுக்குச் சொல் இடம்பெயர்ந்து, நாக்குத் தடித்து, கண் சொருகி, கடைசியில் வேறொன்றாகவே ஆகிவிடுகிறது. எந்தச் சொல் எந்தப் படியில் குழறவேண்டும் என்பதை முன்பே தீர்மானித்துக்கொண்டாலன்றி அப்படிச் செய்ய முடியாது. கள்வெறி கொண்டவளாக நடிப்பதற்கு அவ்வளவு தெளிந்த புத்தி வேண்டியிருக்கிறது!

மற்றொன்று, அதே ஆண்டு செப்டம்பர் 15-ம் தேதி வந்த சாக்லேட் தொழிற்சாலைக் காட்சி. ஆண்கள் வீட்டு வேலையையும் பெண்கள் வெளி வேலையையும் பார்ப்பதென்று பந்தயம். லூசியும் எத்தலும் தொழிற்சாலையில் சேருகிறார்கள். ஓடும் பட்டையில் வரிசையாக வரும் சாக்லேட்டுகளை ஒவ்வொன்றாகக் காகிதத்தில் சுற்றவேண்டும். ஒன்று தப்பினாலும் வேலை போய்விடும் என்று மேற்பார்வைக்காரி எச்சரித்துவிட்டுப் போகிறாள். முதலில் பட்டை நிதானமாக ஓடுகிறது. பிறகு வேகம் ஏறுகிறது. கை தவறியதை வாயில் போடுகிறார்கள். வாய் நிறைந்தபின் தொப்பிக்குள், பிறகு சட்டைக்குள். மேற்பார்வைக்காரி வந்து பார்க்கிறாள். பட்டை காலியாக இருக்கிறது. மெச்சிக்கொண்டு, இன்னும் வேகமாக ஓட்டச் சொல்லிக் குரல் கொடுக்கிறாள். கைத்தொழிலாளியின் ஆயுள் முழுவதையும் இந்தச் சில நிமிஷங்களில் அடக்கிவிட்டார்கள். அந்தக் கதையில் வேறொரு காட்சிக்காக, மெய்யாகவே சாக்லேட் தோய்க்கும் தொழில் செய்த பெண் ஒருத்தியை வரவழைத்து லூசீலின் பக்கத்தில் நிறுத்தினார்கள். நடிப்பறியாத அந்தப் பெண் கன்னத்தில் ஓங்கி அறைந்த அறை அசல் அறையாகவே விழுந்துவிட்டதாம்.

இவற்றில் தற்செயலாக நிகழ்ந்தவை வெகு சொற்பம். எழுத்தாளர்கள் அங்க சேஷ்டைகளைக்கூட வரிவரியாக எழுதிக் கொடுத்தார்கள். பெண்ணால் செய்யக்கூடியதுதானா என்று மாட்லின் பியூ தாமே முதலில் செய்து பார்ப்பார். வாரம் முழுவதும் ஒத்திகை. ஒரு நாள் இரவு சபையார் முன் நடிப்பு. ஒத்திகையில் லூசீல் ஈவிரக்கமில்லாதவர், உடன் நடிப்பவர்களைப் படாத பாடு படுத்துவார் என்று அவரோடு வேலை செய்தவர்கள் சொல்லியிருக்கிறார்கள். அவருடைய முகத்தில் இயல்பாகச் சிரிப்பு விளையாடியது என்று எண்ணியவர்கள், நேரில் கண்டபோது ஏமாந்துபோனார்கள். வீட்டில் அவர் நகைச்சுவையாகப் பேசுகிறவரே அல்லர் என்பது பலருடைய சாட்சியம்.

இரண்டாவது முறை கருவுற்றபோது தொடரை நிறுத்திவிடுவதா என்ற கேள்வி எழுந்தது. அதுவரை அமெரிக்க டெலிவிஷனில் கர்ப்பிணியைக் காட்டுவது மரியாதைக்குறைவாகக் கருதப்பட்டது. டெஸி பிடிவாதமாக நின்று, கதையிலும் லூசியைக் கர்ப்பிணியாக்கி, கதை வசனங்களை ஒரு கத்தோலிக்கக் குரு, ஒரு புராடெஸ்டண்டுப் போதகர், ஒரு யூத குரு ஆகிய மூவரிடமும் காட்டி அவர்கள் ஆட்சேபம் இல்லை என்றபின் நடத்தினார். 1953 ஜனவரி 19-ம் தேதி காலையில் லூசீலுக்கு அறுவை சிகிச்சையினால் ஆண் குழந்தை பிறந்தது. அன்றிரவே திரையில் லூசிக்கும் ஆண் குழந்தை பிறந்தது. பார்த்தவர்கள் சுமார் 4 கோடியே 40 லட்சம் பேர். மறுநாள் ஐசன்ஹோவர் ஜனாதிபதியாகப் பதவியேற்றதைப் பார்த்தவர்கள் சுமார் 2 கோடியே 90 லட்சம் பேர் என்று கணக்கிட்டிருக்கிறார்கள்.

அந்த வருஷமே ஒரு பெரிய ஆபத்தும் வந்தது. 1936-ல் பாட்டனாரின் மனம் கோணாமலிருக்க, வாக்காளர் பட்டியலில் தம்மைக் கம்யூனிஸ்டு என்று லூசீல் பதிவு செய்திருந்தார். கம்யூனிஸ்டு வேட்டை உச்சத்தில் இருந்த காலத்தில் அந்தப் பழைய ஏடு வெளியே வந்தது. செப்டம்பரில் அமெரிக்கக் காங்கிரஸ் சபையின் விசாரணைக் கமிட்டி அதிகாரி முன் வாக்குமூலம் கொடுத்தார்; குற்றமில்லை என்று கமிட்டியார் சொல்லிவிட்டார்கள். ஆனால் ரேடியோ வம்பர் வால்டர் வின்சல் செய்தியைப் பரப்ப, பத்திரிகைகள் கொட்டை எழுத்தில் போட்டன. அன்றிரவுப் படப்பிடிப்புக்கு வந்திருந்த சபையாரிடம் டெஸி நேரே பேசினார். மனைவியிடத்தில் சிவப்பு என்று சொல்லத்தக்கது தலைமயிர் ஒன்றுதான், அதுவும் சாயம் என்ற பொருள்பட அவர் சொன்ன விகடத்தைக் கேட்டு ஜனங்கள் எழுந்து நின்று ஆரவாரித்தார்கள். வேறு எத்தனையோ கலைஞர்கள் அதே சந்தேகத்தினால் தொழிலிழந்து அழிந்தார்கள். இவர் தப்பியதற்கு நிரபராதித்துவம் மட்டும் காரணமல்ல. அந்த வருஷத் தொடக்கத்தில் பிலிப் மாரிஸ் கம்பெனியார் செய்த ஒப்பந்தம் 80 லட்சம் டாலருக்கானது. அவ்வளவு பணத்தின்மேல் கை வைக்க யாருக்கும் மனம் வரவில்லை என்றே நான் கருதுகிறேன்.

வாரத் தொடர் 1957-ல் 180 கதைகளோடு நின்றது. அவ்வாண்டு இறுதியில் ஆர்.கே.ஓ. ஸ்டூடியோக்கள் விலைக்கு வந்தன. முன்பு லூசீல் சம்பளத்துக்குச் சிறு வேஷம் கட்டிய அதே ஸ்டூடியோக்களை, சுருள்களை விற்ற பணத்தை ஆதாரமாகக் கொண்டு, டெஸிலூ கம்பெனி 60 லட்சத்துக்குச் சற்று அதிகமான டாலருக்கு வாங்கிற்று. இத்தகைய திருப்பம் கதையில் வந்தால் நம்பமாட்டோம்.

இல்லறம் மட்டும் நிலைக்கவில்லை. ஒரே கூரையின்கீழ் இருக்கவேண்டும் என்று தொடங்கிய ஸ்தாபனமே டெஸியை வேலையிலும் குடியிலும் ஆழ்த்தி, கூரையைப் பிளந்துவிட்டது. 1960 மே மாதத்தில் மணவிலக்கு. மறு ஆண்டு காரி மார்ட்டன் என்ற விகட நடிகரை மணந்தார். 1962-ல் டெஸியின் பங்கை விலைக்கு வாங்கி, அந்தப் பெரிய ஸ்தாபனத்துக்கு லூசீலே தலைவரானார். டெலிவிஷன் தொழிலில் அவ்வளவு பெரிய கம்பெனியின் தலைமைப் பீடத்தில் ஒரு பெண் அமர்ந்தது அதுவே முதல் முறை. விண்வெளிக் கப்பலைப் பற்றிய 'ஸ்டார் டிரெக்' தொடரின் முதல் மாதிரிப் படத்தை ஒளிபரப்புக் கம்பெனியார் நிராகரித்து, மற்றொன்று எடுக்கச் சொன்னார்கள். செலவு தாங்காது என்று தம் கம்பெனி ஆலோசகர்களே எச்சரித்தும் லூசீல் அனுமதித்தார் என்று அங்கே உத்தியோகம் பார்த்தவர்கள் எழுதியிருக்கிறார்கள். அதுவும் 'மிஷன் இம்பாசிபிள்' தொடரும் 1966-ல் வெளிவந்தன. அடுத்த ஆண்டு கம்பெனியைச் சுமார் 1 கோடியே 70 லட்சம் டாலருக்கு விற்றுவிட்டார்.

'ஐ லவ் லூசி'க்குப் பின் அவர் நடித்தவற்றைப் பற்றி அதிகம் புகழ எனக்கு மனமில்லை. 'தி லூசி ஷோ', 'ஹியர்ஸ் லூசி' என்ற தொடர்கள் 1974 வரை ஓடின; எம்மி பரிசுகளும் கிடைத்தன; ஆனால் எதிர்க்க ஒரு கணவன் இல்லாத லூசி, எதிர்ப்பில்லாத பேதைமையாய்ச் சப்பிட்டுப் போனாள். 1974-ல் வந்த 'மேம்' என்ற சங்கீதப் படத்தில் அவருக்கு அந்தப் பாத்திரம் பொருந்தவேயில்லை. 1985-ல் வீதியோரத்தில் வாழும் அநாதைக் கிழவியாக 'ஸ்டோன் பில்லோ' என்ற டெலிவிஷன் படத்தில் நடித்தது துணிவான செயல். 1986-ல், எழுபத்தைந்து வயதில், புதிய தொடரொன்றில் மறுபடியும் ஏணியில் ஏறி விழும் பழைய வேஷத்தையே கட்டினார். பார்த்த ஜனங்கள், கிழவிக்கு அடிபட்டுவிடுமோ என்று பதைத்தார்களே தவிர சிரிக்கவில்லை. எட்டுக் கதைகள் ஒளிபரப்பானதும் அந்தத் தொடரை நிறுத்திவிட்டார்கள்.

டெஸி ஆர்னாஸுக்கு உலகம் உரிய மரியாதையைச் செய்யவில்லை என்பதையும் இங்கே சொல்லியாகவேண்டும். மூன்று காமிரா, சுருள் உரிமை, ஸ்டூடியோ வாங்கியது ஆகிய மூன்றிலும் அவருடைய வியாபார புத்தியே முன்னின்றது. 1986 டிசம்பர் 2-ம் தேதி அவர் இறந்தார். ஐந்து நாள் கழித்து வாஷிங்டனில் லூசீலுக்குக் கென்னடி சென்டர் கௌரவம் அளிக்கப்பட்டபோது, டெஸி முன்னமே எழுதி வைத்திருந்த வாழ்த்துரையை ராபர்ட் ஸ்டாக் என்ற நடிகர் படித்தார். மேல்மாடத்தில் அமர்ந்திருந்த லூசீலால் கண்ணீரை அடக்கமுடியவில்லை. 1989 ஏப்ரல் 26-ம் தேதி, இருதயத்திலிருந்து புறப்படும் பெருங்குழாய் கிழிந்து, லூசீலும் காலமானார். வயது 77.

அவருடைய சினிமாப் படங்களில் தேடிப் பார்க்கத்தக்கவை மூன்றோ நான்கோதான். 180 கதைகளிலோ கால்பங்கு இன்னும் நூறு வருஷம் நிற்கும் என்பது என் மதிப்பீடு. இங்கே வந்திருக்கும் இளம் நடிகர்களுக்கு ஒரு விண்ணப்பம். அந்தச் சாக்லேட் காட்சி எங்கே கிடைத்தாலும் இரண்டு தடவை பாருங்கள். முதல் தடவை எல்லாரையும்போல் சிரித்துவிடுங்கள். இரண்டாம் தடவை முகத்தை விட்டுவிட்டு, அவருடைய இரண்டு கைகளை மட்டும் கவனியுங்கள்.